கால்ஹட்: ஒரு கெட்ட வார்த்தையும் ஓர் ஈரத் துவாயும்

1. இடுப்பில் நாலு பொட்டு

“உங்கடை ஆள் ஒராள் என்ரை அம்மாவிலை கை வைச்சிருக்கிறா. வந்து பாருங்கோ.”

ஒரு திங்கட்கிழமை காலை, மருந்து வண்டியைப் பூட்டிக்கொண்டு நின்ற என்னிடம், எங்கள் நிலையத்தில் இருந்த ஃப்ராவ் (திருமதி) ஹார்ம்ஸின் மகள் சொன்ன முதல் வார்த்தை இதுதான். காலை வணக்கம்கூட இல்லை. அவர் பேசியது ஜெர்மன். ஆனால் இங்கே எழுதும்போது எல்லாரையும் எங்கள் தமிழிலேயே பேச விடுகிறேன். உங்களுக்கும் சுகம், எனக்கும் சுகம்.

நான் ஜெர்மனியின் கெல்சென்கிர்ச்சனில் ஒரு முதியோர் பராமரிப்பு நிலையத்தில் பிரிவுப் பொறுப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவள். இப்போது எங்கள் பிள்ளைகள் நிறையப் பேர் இந்த வேலைக்கு வருகிறார்கள். அவர்கள் வாசிப்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

இந்தத் தொழிலில் எனக்குச் சந்தேகக்காரி என்று பெயர். அதில் எனக்கு ஒரு வெட்கமும் இல்லை. மாத்திரையை விழுங்கிவிட்டேன் என்பவரின் நாக்குக்குக் கீழே பார்ப்பேன். ‘இவர் நன்றாகத் தண்ணீர் குடித்தார்’ என்று ஒரு ஊழியர் சொன்னால், யன்னலோரத்துப் பூச்சாடியின் மண் ஈரமாக இருக்கிறதா என்று தொட்டுப் பார்ப்பேன். பேசாதவர்கள், எழும்ப ஏலாதவர்கள், மறந்துபோகிறவர்கள் இருக்கிற இடத்தில் யாராவது ஒருத்தி சந்தேகப்பட வேண்டும். “வீட்டிலையும் நீ டியூட்டியிலைதான் நிக்கிறாய்” என்று என் கணவர் முணுமுணுப்பார். அவர் முணுமுணுத்தால் குளிர்சாதனப் பெட்டியில் ஒளித்து வைத்த இனிப்பு ஏதோ குறைந்திருக்கிறது என்று அர்த்தம்.

மகளோடு அறைக்குப் போனேன். ஃப்ராவ் ஹார்ம்ஸ் கட்டிலில் கிடந்தார். மகள் இரவுச் சட்டையை விலக்கிக் காட்டினார். வலது இடுப்பெலும்புக்கு மேலே நாலு கருநீலப் பொட்டுகள், வரிசையாக, ஒரே இடைவெளியில். இரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை எடுப்பவர்களுக்குச் சின்னதாக இடிபட்டாலும் நீலம் பாய்ந்து கண்டிப்போகும். ஆனால் இடித்தால் ஒரு திட்டாகத்தான் கண்டும். நாலு பொட்டு என்றால் நாலு விரல். எனக்கும் அப்படித்தான் பட்டது.

“விழுந்தனீங்களோ?” என்று அவருடைய காதருகே குனிந்து உரக்கக் கேட்டேன். அவருக்குக் காது கேட்கிற கருவி இல்லாவிட்டால் பாதிதான் கேட்கும். அன்று அது காதில் இல்லை.

“இல்லை” என்றார். பிறகு முகத்தை யன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார்.

“ஆர் அம்மாவைக் குளிக்க வாக்கிறது?” என்று மகள் கேட்டார்.

“சுதா” என்றேன்.

“அந்தப் புதுப் பொம்பிளையோ? துவாயாலை மூடி மூடிக் குளிக்க வாக்கிறவ? அம்மா எனக்குச் சொன்னவ. இப்பதானே விளங்குது, ஏன் மூடினவ எண்டு.”

2. அந்த வார்த்தை

ஃப்ராவ் ஹார்ம்ஸைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் பிறந்தது ஜெர்மனியில் இல்லை, நமீபியாவில். ஜெர்மன்காரரின் மாட்டுப் பண்ணை ஒன்றில். வீட்டில் ஜெர்மன், பள்ளிக்கூடத்தில் ஆப்பிரிக்கான்ஸ். கலியாணம் முடித்து எங்கள் ஊர் இருக்கிற இந்த ரூர்ப் பக்கம் வந்து ஒரு ஆயுட்காலம் இருந்த பிறகும், ஏசுவதற்கும் சந்தோஷப்படுவதற்கும் அவருக்கு ஆப்பிரிக்கான்ஸ்தான் வரும். கால்தான் வலுவிழந்து போயிருந்தது. தலை என்னுடையதைவிடத் தெளிவு.

அவருடைய செல்ல வார்த்தை ‘கால்ஹட்’. நடுவில் வருகிற ஹகரத்தைத் தொண்டையைக் காறுகிற மாதிரிச் சொல்ல வேண்டும். முதல் பாதிக்கு வெறுமை என்று பொருள். மற்றப் பாதி பின்பக்கத்தைக் குறிக்கும், அதுவும் நாகரிகமாக அல்ல. அவர் முதன்முதல் அதை விளக்கியபோது நான் சிரித்துவிட்டேன். ஏனென்றால் எங்களிடமும் அதே வார்த்தை இருக்கிறது: உரிஞ்சாங்குண்டி. அதைச் சொல்லிக் கொடுத்தேன். அவருடைய வாயில் அது நுழையவில்லை, ஆனால் கேட்டுக் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.

அந்த வார்த்தைக்கு அவர் வைத்திருந்த சட்டதிட்டங்கள் கொஞ்சமல்ல. சின்னப் பிள்ளை ஒன்று குளித்துவிட்டு வீட்டுக்குள் ஓடினால் அதற்கு வேறொரு மெல்லிய வார்த்தை, ‘கால்பஸ்’. பாதிரியார் இருந்தால் இரண்டும் கூடாது. பண்ணை அணைக்கட்டில் அக்கா தங்கைமார் உடுப்பைக் கழற்றி எறிந்துவிட்டு நீந்தினால் அதுதான் அசல் கால்ஹட். ஒன்றும் கலக்காமல் பிராந்தி குடித்தால் அதுவும் கால்ஹட். படிக்காமல் பரீட்சைக்குப் போய் மாட்டிக்கொண்டால் அதுவும்தான்.

“ஆனா ஒண்டு கவனியுங்கோ. அந்த வார்த்தையைச் சொல்லேக்கை சிரிக்க வேணும். சிரிப்பு வராத இடத்திலை அது சரிவராது” என்பார்.

3. சுதாவின் பழக்கம்

சுதாவுக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். உணவகச் சமையலறையில் பாத்திரம் கழுவிக் கை வெடித்து, பராமரிப்பு உதவியாளர் பயிற்சி முடித்து எங்களிடம் வந்தவர். புருஷனுக்கு முதுகு வருத்தம், வேலைக்குப் போக ஏலாது. வீடு சுதாவின் சம்பளத்தில் ஓடியது. அப்போது அவருக்கு ‘ப்ரோபெட்சைட்’, அதாவது தகுதிகாண் காலம். அந்தக் காலத்தில் வேலையை விட்டு நிறுத்தப் பெரிய காரணம் ஒன்றும் தேவையில்லை.

படுக்கையில் துடைக்கும்போது, கழுவாத இடத்தைக் காய்ந்த துவாயால் மூடி வைப்பது எங்கள் தொழிலில் எல்லாரும் செய்வதுதான். ஆனால் ஷவர் கதிரையில் இருத்தி வார்க்கும்போது ஒருத்தரும் மூடுவதில்லை. சுதா மூடுவார். பெரிய துவாய் ஒன்றை நெஞ்சிலிருந்து முழங்கால் வரை போர்த்து, அதற்கு மேலேயே வெந்நீரை வார்த்து, துவாய்க்குக் கீழே கையை விட்டுச் சவர்க்காரம் போட்டுக் கழுவுவார். கண் முழுக்க எங்கேயோ சுவரில் இருக்கும்.

உங்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. கிணற்றடியில் மார்புக்கு மேலே துணியை வரிந்த குறுக்குக்கட்டோடு குளித்து வளர்ந்தவர்களுக்குக் கை அப்படித்தான் போகும். ஆனால் ஃப்ராவ் ஹார்ம்ஸுக்கு அது பிடிக்கவில்லை. “என்னை ஏன் மூடுறாய்? நான் என்ன பழுதாப் போற இறைச்சியோ?” என்று ஒருநாள் அவர் கத்தியது குளியலறைக்கு வெளியே எனக்கே கேட்டது. சுதா, “ஓம் ஓம், முடிஞ்சுது முடிஞ்சுது” என்று சொல்லிக்கொண்டு இன்னும் கொஞ்சம் மேலே இழுத்து மூடியிருப்பார். அவருடைய ஜெர்மன் அந்தளவில்தான் இருந்தது.

அன்று மதியம் சுதாவை மருந்தறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினேன்.

“ஃப்ராவ் ஹார்ம்ஸின்ரை இடுப்பிலை நாலு கண்டல் இருக்கு. நீர் பாத்தனீரோ?”

“இல்லை அக்கா.”

“சனிக்கிழமையும் ஞாயிற்றுக்கிழமையும் நீர்தானே குளிக்க வாத்தனீர்?”

“ஓம்.”

“ரெண்டு நாளும் கழுவின இடுப்பை நீர் காணேல்லையோ?”

“நான் பாக்கேல்லை அக்கா. கையாலைதான் கழுவினனான். சத்தியமா அக்கா. மற்றாக்களின்ரை உடம்பை எப்பிடிப் பாக்கிறது?”

இப்போது நினைத்தால், அந்தக் கட்டிடத்தில் இந்தப் பதிலை நம்பக்கூடிய ஒரே ஆள் நான்தான். ஒரு ஜெர்மன்காரரிடம் போய், ‘ஒவ்வொரு நாளும் கழுவுகிற உடம்பை அவர் பார்ப்பதில்லை’ என்று சொன்னால் யார் நம்புவார்கள்? ஆனால் நானும் நம்பவில்லை. தோலைப் பார்ப்பதுதான் எங்கள் வேலையில் பாதி. பார்க்காமல் விட்டால் ஒரு சிவப்பு, நாலு நாளில் புண்ணாகிவிடும். அதைத் தெரிந்துகொண்டும் பார்க்காமல் விட்டாரா, இல்லை, பார்க்கத் தேவையில்லாதபடி அது எப்படி வந்தது என்று ஏற்கெனவே தெரியுமா? என் புத்தி அந்தப் பக்கம்தான் போனது.

4. எல்லார் மேலும் சந்தேகம்

அந்த வாரம் நான் ஒருத்தரையும் விடவில்லை. சக்கர நாற்காலியின் கைப்பிடியை ஃப்ராவ் ஹார்ம்ஸின் இடுப்பு உயரத்தோடு வைத்துப் பார்த்தேன். சரிவரவில்லை. கட்டில் சட்டத்தில் கூரான இடம் ஏதும் இருக்கிறதா என்று தடவிப் பார்த்தேன். இரவு டியூட்டி செய்கிற பெரிய கைக்காரர் ஒருவர் தேநீர் குடிக்கும்போது அவருடைய விரல்களின் அகலத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். பாவம் மனிதர், “என்ன, என்ரை கையிலை ஏதும் இருக்கோ?” என்று கேட்டுவிட்டார்.

மகளையும் விடவில்லை. சனிக்கிழமைகளில் தாயைக் காரில் வெளியே கூட்டிப் போவது அவர்தான். காரிலிருந்து இறக்கும்போது அவசரத்தில் இறுக்கிப் பிடித்திருந்தால்? தான் செய்ததை மறைக்க முந்திக்கொண்டு முறைப்பாடு செய்கிறவர்களையும் இந்தத் தொழிலில் கண்டிருக்கிறேன். சொன்னால் அந்தக் குடும்பத்தோடு எங்கள் உறவு முறியும் என்பதால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

ஆனால் எல்லாரையும் சுற்றி வந்து என் கண் நின்ற இடம் சுதாவின் கைதான். அவர் சாப்பாட்டு மேசையில் ஒரு பாட்டியைத் தூக்கி நிமிர்த்தும்போது எந்த இடத்தில் பிடிக்கிறார் என்று தூணுக்குப் பின்னால் நின்று பார்த்தேன். இடுப்பில்தான் பிடித்தார். எல்லாருமே இடுப்பில்தான் பிடிப்பார்கள், நானும் அப்படித்தான் பிடிப்பேன். அது எனக்குத் தெரியும். தெரிந்தும் தூணை விட்டு நகரவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அவர் எங்கள் ஆள் என்பதால் நான் கூடுதலாகச் சந்தேகப்பட்டேன். தமிழ் ஆளைக் காப்பாற்றினேன் என்று ஒருத்தரும் சொல்லக் கூடாது என்ற பிடிவாதம் எனக்கு. சுதா அதை உணர்ந்திருக்க வேண்டும். அந்த வாரம் அவர் என்னை ‘அக்கா’ என்று கூப்பிடுவதை நிறுத்தி, ஜெர்மன்காரர் மாதிரிக் குடும்பப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்.

நிலையப் பொறுப்பாளர் ஹெர் கோல்பே நல்ல மனிதர், ஆனால் பிரச்சினை என்றால் கதவை முதலில் தேடுகிறவர். வியாழக்கிழமை என்னைக் கூப்பிட்டுச் சொன்னார்:

“மகள் நாளைக்கு வாறா. எல்லாரும் சேர்ந்து ஒருக்காப் பாத்து, படம் எடுத்து வைப்பம். சுதாவும் நிக்கட்டாம், முகத்துக்கு நேரை கேக்க வேணுமாம். அதுக்குப் பிறகு... பாருங்கோ, ப்ரோபெட்சைட்தானே. சத்தமில்லாமல் முடிச்சிடலாம்.”

“அவ செய்யேல்லையெண்டால்?”

“செய்யேல்லையெண்டு நீங்கள் சொல்லுவீங்களோ?”

“கமரா என்னட்டை இருக்கு” என்று சொல்லிவிட்டு எழும்பினேன்.

சத்தமில்லாமல் முடிகிற விஷயமா அது? வயது போனவரை அடித்தவள் என்று ஒரு பெயர் வந்தால், இந்த ஊரில் எந்த நிலையமும் சுதாவைத் திரும்பிப் பார்க்காது. எங்கள் சனத்தின் வாயைப் பற்றிச் சொல்லவே வேண்டாம், அடுத்த வெள்ளிக்கிழமைக்குள் கதை கோயில் வாசலுக்குப் போய்விடும்.

5. உடுப்போடு நாலு பேர்

வெள்ளிக்கிழமை காலை. நல்ல வெளிச்சம் வர வேண்டும் என்று பால்கனிக் கதவின் திரையை முழுதாக விலக்கினேன். ஃப்ராவ் ஹார்ம்ஸை அப்போதுதான் முகம் கழுவியிருந்ததால், காதுக் கருவி மேசையில் கிடந்தது. “தோலைப் பாக்கப் போறம்” என்று சொல்லிச் சட்டையைக் கழற்றினேன். அவர் என்னுடைய வாயைப் பார்த்துத் தலையாட்டினார். ஏன் பார்க்கிறோம் என்று நான் சொல்லவில்லை.

கட்டிலின் ஒரு பக்கம் மகளும் ஹெர் கோல்பேயும். மறுபக்கம் நான், கமராவோடு. கால்மாட்டில் சுதா, கையை எங்கே வைப்பதென்று தெரியாமல். நடுவில் ஃப்ராவ் ஹார்ம்ஸ், ஒரு துணியும் இல்லாமல்.

“இஞ்சை பாருங்கோ. ஒண்டு, ரெண்டு, மூண்டு, நாலு. பெருவிரல் பின்னாலை இருக்க வேணும். திருப்புங்கோ” என்றார் மகள்.

திருப்பினேன். “பின்னாலை ஒண்டும் இல்லையே” என்றார் ஹெர் கோல்பே.

“பெருவிரல் அழுத்தாமல் விட்டிருக்கும். கிட்டவா எடுங்கோ படத்தை. இல்லை, மற்றப் பக்கம் சரிச்சுப் பிடியுங்கோ.”

சரித்தேன். அவருடைய தோலில் மயிர்க்கூச்செறிந்திருந்தது. குளிர் என்று நினைத்தேன். அறை குளிரவில்லை.

அப்போது சுதா அசைந்தார். யாரும் கேட்கவில்லை, யாரும் சொல்லவில்லை. கதிரையில் கிடந்த பெரிய துவாயை எடுத்து, எங்கள் கைகளுக்கும் கமராவுக்கும் இடையால் வந்து, ஃப்ராவ் ஹார்ம்ஸைக் கழுத்திலிருந்து முழங்கால் வரை மூடினார்.

“பாத்தீங்களோ!” என்று மகள் கத்தினார். “எங்களுக்கு முன்னாலையே மறைக்கிறா! இதைவிட என்ன சாட்சி வேணும்?”

ஹெர் கோல்பே, “ஃப்ராவ் சுதா, தயவுசெய்து தள்ளி நில்லுங்கோ” என்றார். நான் துவாயை எடுக்கக் கை நீட்டினேன்.

எடுக்க முடியவில்லை. ஃப்ராவ் ஹார்ம்ஸ் இரண்டு கையாலும் அதைத் தாடைக்குக் கீழே இறுக்கிப் பிடித்திருந்தார். அந்தக் கைகளில் அவ்வளவு பலம் இருந்தது எனக்குத் தெரியாது. அவர் சுதாவின் முகத்தைப் பார்த்தார். சுதா சத்தமில்லாமல் அழுதுகொண்டிருந்தார்.

“என்ரை காதைத் தாங்கோ” என்றார் ஃப்ராவ் ஹார்ம்ஸ்.

சுதாதான் கருவியை எடுத்து அவருடைய காதில் வைத்தார்.

“இப்ப சொல்லுங்கோ. இந்தப் பிள்ளை ஏன் அழுகுது?”

ஹெர் கோல்பே தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னார். நாலு பொட்டு, நாலு விரல், சுதாவின் வேலை. சொல்லி முடிக்கும் மட்டும் ஃப்ராவ் ஹார்ம்ஸ் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஓ” என்றார் கடைசியில். “என்னை வைச்சு ஒரு வழக்கு நடக்குது. எனக்கு மட்டும் ஒருத்தரும் சொல்லேல்லை.”

“அம்மா, நாங்கள் உங்களுக்காகத்தான்...”

“ஹைக்கே, நீ கொஞ்சம் பேசாமல் இரு. அந்தப் பால்கனிக் கதவைத் திற.”

மகள் திறந்தார். வெளியே கம்பியில் ஒரு வெறும் பூப்பெட்டித் தாங்கி தொங்கியது. போன கோடையில் மாட்டியது. அதை இறுக்கிய போல்ட்டுகளின் தலைகள் உட்பக்கம் துருத்திக்கொண்டு நின்றன. நாலு போல்ட், வரிசையாக. நான் வெளியே போய் என் இடுப்பை வைத்துப் பார்த்தேன்: அதே உயரம், அதே இடைவெளி. அந்த வாரம் முழுக்கக் கட்டிலையும் நாற்காலியையும் அளந்த எனக்கு இது கண்ணில் படவில்லை. தனியே எழும்பி நிற்க ஏலாதவர் என்று நாங்கள் நம்பியிருந்தவர் பால்கனிக்குப் போவார் என்று யார் நினைத்தார்கள்?

“விடியப்புறம் போறனான்” என்றார் ஃப்ராவ் ஹார்ம்ஸ். “இரவு ஆள் போய், காலை ஆள் வர முதல். மூலையிலை கிடக்கிற நடைவண்டியைப் பிடிச்சுக்கொண்டு. உடுப்பைக் கழட்டிப் போட்டிட்டுக் கம்பியிலை சாஞ்சு நிப்பன். காத்துப் படும். அணைக்கட்டுத் தண்ணிக்குள்ளை இறங்கினது மாதிரி இருக்கும். சொன்னால் நீங்கள் கதவைப் பூட்டுவீங்கள். அதுதான் சொல்லேல்லை. இப்ப பூட்டுங்கோ. ஆனா இந்தப் பிள்ளையை விடுங்கோ.”

மகள் பால்கனி வாசலிலேயே நின்றார்.

“அம்மா, உங்களுக்குத் துவாய் பிடிக்காதெண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள்” என்றார், மெதுவாக.

“பிடிக்காதுதான். நானாக் கழட்டினால் அது கால்ஹட். நீங்கள் நாலு பேரும் உடுப்போடை சுத்தி நிண்டு என்னைப் பிரட்டிப் பிரட்டிப் பாக்கிறதுக்கு அந்த வார்த்தை இல்லை. அது எங்கடை ஊரிலை மாட்டுச் சந்தையிலை நடக்கிறது.” அவர் சுதாவின் பக்கம் திரும்பினார். “இந்தப் பிள்ளைக்குத்தான் அது தெரிஞ்சிருக்கு. உங்களுக்குத் தெரியேல்லை.”

கமரா என் கையில்தான் இருந்தது. எனக்கு மிகவும் கேவலமாக இருந்தது.

6. அதன் பிறகு

ஹெர் கோல்பே அன்றே பால்கனியைப் பூட்டச் சொன்னார். நான் விடவில்லை. அவரோடு அரை மணிநேரம் சண்டை பிடித்தேன், என் வேலைக்காலத்தில் நான் பிடித்த நல்ல சண்டைகளில் அது ஒன்று. கடைசியில் பூப்பெட்டித் தாங்கி போனது, அயல்வீட்டுக்குத் தெரியாமல் கம்பியில் துணித்திரை வந்தது, உறுதியான கதிரை ஒன்று வந்தது. காலை டியூட்டி தொடங்கியதும் யாராவது ஒருவர் பக்கத்தில் நிற்க வேண்டும் என்பது நிபந்தனை. ஃப்ராவ் ஹார்ம்ஸ் சுதாவைத்தான் கேட்டார். ஒருத்தி அங்கே காற்று வாங்கிக்கொண்டிருக்க, மற்றவள் அவருடைய தோளைப் பிடித்தபடி முகத்தைத் தெருப் பக்கம் திருப்பிக்கொண்டு நிற்பாள். நான் அந்தக் காட்சியைக் கதவிடுக்கால் பார்த்துச் சிரித்ததுண்டு.

மகள் சுதாவிடம் மன்னிப்புக் கேட்டார். கை குலுக்கி, நேராகக் கண்ணைப் பார்த்து. அது அவருக்கு லேசாக இருக்கவில்லை என்பது தெரிந்தது. சுதாவின் வேலை நிரந்தரமானது.

தொழில் பாடமும் ஒன்று உண்டு, அதைச் சொல்லாமல் விடக் கூடாது. தோலைப் பார்க்காமல் கழுவுவது பிழை. சுதா அன்றைக்கே பார்த்துச் சொல்லியிருந்தால், இத்தனை பேர் சுற்றி நின்றிருக்கத் தேவையில்லை. அதை நான் அவரிடம் கண்டிப்பாகவே சொன்னேன். துவாயைப் போடும், ஆனால் ஒவ்வொரு பக்கமாக விலக்கிப் பாரும், பார்க்க முதல் அவவிடம் கேளும் என்றேன். அவர் தலையாட்டினார். பிறகு உடுப்பு மாற்றுகிற அறையில், சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு, என்னைப் பார்க்காமல் கேட்டார்:

“நீங்களும் என்னைச் சந்தேகப்பட்டனீங்கள்தானே?”

“ஓம்” என்றேன். “இந்த வேலையிலை நிக்கும் மட்டும் இனியும் படுவன். உம்மை மட்டுமில்லை, எல்லாரையும். ஆனா இனி வெளியிலை தேட முதல் உம்மட்டை நேரை வந்து கேப்பன்.”

சுதா சப்பாத்தைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார்.

“என்னட்டைக் கேக்கிறது இருக்கட்டும் அக்கா” என்றார். “முதல் அவவிட்டைக் கேளுங்கோ. அவவின்ரை உடம்புதானே.”